வந்தியத்தேவன் இந்தப் பக்கமாகத்தான் போனான்

"இதோ இந்தக் கரை மேலதான் தம்பி, குதிரையை ஓட்டிக்கிட்டுப் போனாரு வந்தியத்தேவரு. அப்ப ஏரி நிறைஞ்சு அலையடிச்சுதாம்."

போன ஆடி மாதம் பூதங்குடிப் பக்கம் வீராணம் ஏரிக்கரையில் மீன் விற்றுக்கொண்டிருந்த ஒரு பெரியவர் இதை என்னிடம் சொன்னார். கெண்டையைச் செதில் சீவிக்கொண்டே, கத்தியின் நுனியால் தெற்கே கடம்பூர் இருக்கும் திசையைக் காட்டினார். அவர் சொன்ன தோரணையில் கதை சொல்கிற பாவனை கொஞ்சமும் இல்லை. போன வருஷம் இந்த வழியாக மந்திரி போனார் என்று சொல்வதைப்போலச் சொன்னார்.

"நீங்க பொன்னியின் செல்வன் படிச்சிருக்கீங்களாய்யா?" என்று கேட்டேன்.

"நான் எங்க படிச்சேன்? எங்க அப்பாரு சொல்வாரு. அவருக்கு வாத்தியார் வீட்டுல வாரா வாரம் படிச்சுக் காட்டுவாங்களாம்."

அன்றிலிருந்து இதைப் பற்றி எழுத வேண்டும் என்று மனசுக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது. நான் பிறந்தது சேத்தியாத்தோப்பில். இப்போது இருப்பது சென்னையில். ஆனாலும் ஏரி என்னை விடவில்லை. 2004-லிருந்து வீராணத்துத் தண்ணீரைச் சேத்தியாத்தோப்பில் இறைத்து, வடக்குத்தில் சுத்தம் செய்து, ஏறக்குறைய 235 கிலோமீட்டர் குழாயில் சென்னைக்கு அனுப்புகிறார்கள். எங்கள் வீட்டுக் குழாயைத் திறக்கும்போதெல்லாம் இதில் கொஞ்சம் நம்ம ஊர் தண்ணீர் இருக்கும் என்று நினைத்துக்கொள்வேன். அந்த ஏரியின் மேல் இரண்டு காலங்கள் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்திருக்கின்றன. ஒன்று நடந்தது. மற்றொன்று கல்கி கட்டியது. எங்கள் ஊர்க்காரர்கள் பலருக்கு இரண்டாவதுதான் நன்றாகத் தெரியும். எனக்கும் நெடுநாள் அப்படித்தான் இருந்தது.

'கல்கி' பத்திரிகையில் கல்கி எழுதிய பொன்னியின் செல்வன் தொடர்கதை 1950 அக்டோபர் கடைசியில் தொடங்கியது. 1954 மே வரை, மூன்றரை ஆண்டு வாராவாரம் வந்தது. அதே ஆண்டு டிசம்பர் 5-ஆம் தேதி கல்கி காலமானார். புத்தமங்கலத்துக்காரர் அவர். மாயவரம் பக்கம், கொள்ளிடத்துக்குத் தெற்கே. எங்களுக்கு வடகரை என்றால் அவருக்குத் தென்கரை. காவிரித் தண்ணீர் வாய்க்காலில் வந்து மோதுகிற சத்தத்தை அறிந்த மனிதர் என்பதால்தான் கதையை ஆடிப்பெருக்கில், இந்த ஏரிக்கரையில் தொடங்க முடிந்தது என்று நினைக்கிறேன். காஞ்சியிலிருந்து ஓலையோடு தெற்கே போகிற வாலிபன் வந்தியத்தேவன் வடக்கேயிருந்து வந்து கரையேறுகிறான். வடக்கேயிருந்து வந்தால் ஏரியின் தலைமாடு எங்கள் ஊர்ப் பக்கம்தான். ஆக, கதையின் முதல் காலடி எங்கள் எல்லையில் விழுகிறது. பள்ளிக்கூடத்தில் இதை நாங்கள் பெருமையாகப் பேசிக்கொள்வோம். குதிரை எந்த இடத்தில் நின்று தண்ணீர் குடித்திருக்கும் என்று சண்டைகூட போட்டிருக்கிறோம்.

தொடங்கும்போதே கல்கி காலத்தைப் பெருவெள்ளமாகவும் கற்பனையை ஓடமாகவும் சொல்லி வாசகரை அதில் ஏற்றிவிடுகிறார். 982 ஆண்டுகளுக்கு முன்னால் போகிறோம் என்று கணக்கும் சொல்கிறார். வாசகர்கள் மூன்றரை ஆண்டு படித்தார்கள், ஆனால் கதையின் பெரும்பகுதி சில மாதங்களுக்குள் நடந்து முடிகிறது. வெளியே குழந்தை பிறந்து நடக்க ஆரம்பித்து, பேச ஆரம்பித்துப் பள்ளிக்கூடத்துக்கும் போகத் தயாராகிவிட்டது. உள்ளே வந்தியத்தேவனுக்கு ஓர் ஆடி போய் மறு ஆடி வருவதற்குள் எல்லாம் நடந்துவிடுகிறது. அந்தக் காலத்து வாசகர்கள் இரண்டு கடிகாரங்களோடு வாழ்ந்திருக்கிறார்கள். மீன் விற்ற பெரியவரின் அப்பா அப்படி வாழ்ந்தவர்.

1954-இல் இன்னொன்றும் நடந்தது. பொன்னியின் செல்வன் முடிந்த இரண்டாவது மாதம், ஜூலையில், இங்கிலாந்தில் டோல்கியனின் 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' முதல் பாகம் வெளிவந்தது. அவர் ஒரு முழு உலகத்தையும் அதற்கான யுகங்களையும் வருஷக் கணக்கோடு புதிதாகப் படைத்தார். அந்த உலகத்து மலைகளுக்கும் ஆறுகளுக்கும் வரைபடம் போட்டார். அருமையான வேலைதான். ஆனால் அந்த மலைக்கு யாரும் பஸ் ஏற முடியாது. கல்கி செய்ததோ வேறு வகை. இருக்கிற ஏரியையும் இருக்கிற கோயிலையும் இருக்கிற பெயர்களையும் எடுத்துக்கொண்டு, நடுவே காணாமல் போயிருந்த காலத்தை மட்டும் படைத்தார். அதனால்தான் நாங்கள் சேத்தியாத்தோப்புக் குறுக்குரோட்டில் பஸ் ஏறி அவருடைய கற்பனைக்குள் இறங்க முடிகிறது.

அந்தக் காணாமல் போன காலம் எது என்று எனக்குப் புரிந்தது காட்டுமன்னார்கோயில் உடையார்குடிக்குப் போன பிறகுதான்.

உடையார்குடி அனந்தீசுவரர் கோயில். சேத்தியாத்தோப்பிலிருந்து ஏரிக்கரையோடு தெற்கே போனால் லால்பேட்டை தாண்டிக் காட்டுமன்னார்கோயில். அதை ஒட்டித்தான் உடையார்குடி. அந்தக் கோயில் சுவரில், ராஜராஜ சோழனின் இரண்டாம் ஆட்சியாண்டில் பொறித்த கல்வெட்டு ஒன்று இருக்கிறது. அதாவது ஏறத்தாழ 987. பாண்டியன் தலையைக் கொண்ட கரிகால சோழனைக் கொன்ற துரோகிகள் என்று சிலரை அது பெயர் சொல்லிக் குறிக்கிறது: சோமன், ரவிதாசன், பரமேசுவரன். அண்ணன் தம்பிகள். ரவிதாசனுக்குப் பஞ்சவன் பிரம்மாதிராசன் என்றும் பரமேசுவரனுக்கு இருமுடிசோழ பிரம்மாதிராசன் என்றும் பட்டம். அவர்கள், அவர்களுடைய உறவுக்காரர்கள், பெண் கொடுத்தவர்கள் எடுத்தவர்கள் என்று ஒரு பெரிய வளையத்தின் சொத்துகளைப் பற்றியது அந்த ஆவணம். அந்த நிலங்கள் ஊர்ச் சபை வழியாகக் கைமாறி, வாங்கியவர் அதைக் கோயிலில் தண்ணீர் வைக்கவும் சாப்பாடு போடவும் அறமாக எழுதி வைத்துவிட்டார்.

நான் முதல்முறை அந்தச் சுவரின் முன் நின்றபோது ஒன்றும் புரியவில்லை. எழுத்து ஆழமில்லை. நேர் வெளிச்சத்தில் பார்த்தால் வெறும் கருங்கல் மாதிரிதான் தெரியும். செல்போன் விளக்கைச் சுவரோடு ஒட்டிச் சாய்த்துப் பிடித்தேன். ஒவ்வொரு கோட்டுக்கும் ஒரு மெல்லிய நிழல் விழுந்து, வரி வரியாக எழும்பி வந்தது. அந்தக் காலத்துக் கல்வெட்டுகளில் பெரும்பாலும் மெய்யெழுத்துக்குப் புள்ளி இருக்காது. ரகரமும் துணைக்காலும் ஒன்றுபோல இருக்கும். வடமொழிப் பெயர்கள் வரும் இடத்தில் கிரந்தம் கலந்துவிடும். கல்வெட்டு படிக்கத் தெரிந்த நண்பர் ஒருவர் பக்கத்தில் நின்று விரலை வைத்து, எழுத்தெழுத்தாக எனக்குச் சொன்னார். அந்த விரல் ரவிதாசன் என்ற பெயருக்கு வந்தபோது உடம்பெல்லாம் புல்லரித்தது. சின்ன வயசில் பாழடைந்த கோட்டையிலும் நள்ளிரவுச் சுடுகாட்டிலும் ஆந்தைபோலக் கத்தியவனாக என்னைப் பயமுறுத்திய அதே ரவிதாசன். அவன் இங்கே நிலபுலன் வைத்திருந்த ஒரு மனிதன்.

இங்கேதான் இரண்டு காலமும் பிரிகின்றன. கதையில் ரவிதாசன் கூட்டம், கரிகாலன் தலைகொண்ட வீரபாண்டியனின் ஆபத்துதவிகள், அதாவது மெய்க்காவலர்கள். காட்டிலும் பள்ளிப்படையிலும் ஒளிந்து சதி செய்கிற மந்திரவாதிகள். கல்லில் அவர்கள் சோழ அரசிடமே பிரம்மாதிராசன் பட்டம் பெற்றவர்கள். பிராமண அதிகாரிகளுக்குக் கொடுக்கிற உயர்ந்த பட்டம் அது. பஞ்சவன் என்றால் பாண்டியன். அந்தச் சொல் ஏன் ரவிதாசன் பட்டத்தில் இருக்கிறது என்பதை வைத்து இன்றுவரை ஆய்வாளர்கள் வாதாடுகிறார்கள். ஆக, கொன்றவர்கள் வெளியிலிருந்து வந்தவர்கள் என்று சொல்லிவிட முடியாது. அரண்மனைக்குள்ளேயே நடமாடிய ஆட்கள். எனக்கு இது கதையை விடப் பயங்கரமாக இருக்கிறது.

கல்வெட்டு சொல்கிற அந்தக் கரிகால சோழன், ராஜராஜனின் அண்ணன் ஆதித்த கரிகாலன், இறந்தது 970-ஐ ஒட்டி. அதன்பிறகு அரியணை ஏறியவர் உத்தம சோழர். அவர் 985 வரை ஆண்டார். பிறகுதான் ராஜராஜன். கொலைக்கும் இந்தக் கல்வெட்டுக்கும் நடுவே பதினாறு வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது. உத்தம சோழர் காலத்தில் ஏன் இப்படி ஒரு கல்வெட்டு இல்லை? வரலாற்றாசிரியர் நீலகண்ட சாஸ்திரியார் இதை வைத்து உத்தம சோழர் மேலேயே சந்தேகப்பட்டார். சதாசிவ பண்டாரத்தார் அதை ஏற்கவில்லை. பண்டாரத்தார் எங்கள் சிதம்பரத்து அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் தமிழ் கற்பித்தவர். அவருடைய 'பிற்காலச் சோழர் சரித்திரம்' முதல் பகுதியைப் பல்கலைக்கழகம் 1949-இல் வெளியிட்டது. தொடர்கதை ஆரம்பித்ததற்கு முந்தைய வருஷம். வரலாற்றாசிரியர்கள் அந்தப் பதினாறு வருஷ மௌனத்தைச் சுற்றி வேலிபோட்டுத் தந்தார்கள். கல்கி அந்த வேலிக்குள் நுழைந்து குடியேறினார்.

குடியேற்றினது யார் யாரை? கதையில் கொலைச் சதியின் நடுவே நிற்கிற நந்தினி கல்வெட்டில் இல்லை. ஆழ்வார்க்கடியான், பூங்குழலி, மணிமேகலை, ஊமை ராணி ஆகியோரும் இல்லை. வந்தியத்தேவன் இருக்கிறான். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு ராஜராஜனின் அக்கா குந்தவையை அவனுடைய தேவி என்று குறிக்கிறது. அந்த ஒரே ஒரு குறிப்பிலிருந்து ஐந்து பாகம் ஓடக்கூடிய ஒரு வாலிபனைக் கல்கி எழுப்பினார். அநிருத்த பிரம்மராயரும் நிஜம். கரிகாலனின் அப்பா சுந்தர சோழரின் அன்பில் செப்பேடு அவருடையதுதான். பழுவேட்டரையர்கள் கீழப்பழுவூர்ப் பக்கம் ஆண்ட உண்மையான குறுநிலத் தலைவர்கள். சம்புவரையர் விஷயம் மட்டும் வேறு. அந்தக் குலம் பெரிதாகப் பேர் பெற்றது நூற்றாண்டுகள் கழித்து, வடக்கே படைவீட்டுப் பக்கம். அவர்களைக் கல்கி எங்கள் கடம்பூருக்குக் கொண்டுவந்து, கதையில் கரிகாலன் கொலையாகிற ஒரு மாளிகையும் கட்டிக் கொடுத்துவிட்டார். மேலக்கடம்பூருக்கு இன்று போனால் மாளிகை இல்லை. சக்கரங்களோடு தேர் வடிவில் செதுக்கிய அமிர்தகடேசுவரர் கோயில் இருக்கிறது. குலோத்துங்கன் காலத்து வேலை. அதன் சக்கரத்தின் ஆரங்களுக்கு நடுவே இருக்கிற சிறு சிறு உருவங்களைப் பார்த்துக்கொண்டு ஒரு மத்தியானம் முழுக்க உட்காரலாம். ஆனால் வெளியூரிலிருந்து வருபவர்கள், 2022-லும் 2023-லும் மணிரத்னத்தின் இரண்டு படங்களும் வந்த பிறகு, பெரும்பாலும் கேட்பது கரிகாலன் கொலையான அரண்மனை எங்கே என்றுதான்.

அவர்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் ஒரு ஆதங்கம் உண்டு. கொன்றது யார் என்ற முடிச்சைக் கல்கி கடைசிவரை முழுசாக அவிழ்க்கவே இல்லை. அதை அப்படியே நம் கையில் கொடுத்துவிட்டுப் போனார். அது ஒரு அழைப்பு என்று நான் எடுத்துக்கொள்கிறேன். கதையை முடித்ததும் எழுந்து உடையார்குடிச் சுவர் வரைக்கும் நடக்கச் சொல்கிறார். நாமோ கதையிலேயே பதில் கிடைத்துவிட்டதுபோல நந்தினியின் பெயரோடு நின்றுவிடுகிறோம்.

ஏரிக்கே வருகிறேன். அதற்கும் இந்த மாதிரி இரண்டு கதை உண்டு.

வீரநாராயணன் என்பது சோழ மன்னர் முதலாம் பராந்தகனின் விருதுப் பெயர். 907-லிருந்து 955 வரை ஆண்டவர். அவர் பெயரில் வீரநாராயண ஏரி, பேச்சுவழக்கில் வீராணம். மகன் ராஜாதித்தன் வடக்கே ராட்டிரகூடர் படையெடுப்பை எதிர்பார்த்துத் திருமுனைப்பாடி நாட்டில் பெரும்படையோடு தங்கியிருந்தான். சும்மா இருக்கிற படைவீரர்களை வைத்து, கொள்ளிடத்தில் ஓடிக் கடலுக்குப் போகிற வெள்ளத்தைத் தேக்க இந்த ஏரியை வெட்டினான் என்று கல்கி சொல்கிறார். எங்கள் ஊரில் எல்லோரும் சொல்வதும் இதுதான். படை அங்கே இருந்தது உறுதி. திருநாவலூருக்கு ராஜாதித்தபுரம் என்று பெயரே இருந்தது.

அந்தப் படையின் காலக்கணக்கு பற்றி ஒரு சங்கதி என்னைத் தூங்கவிடாமல் செய்தது. பெண்ணையாற்றங்கரையில் ஒரு ஊர். அதற்குப் பெயரே 'கிராமம்'. அங்கே ராஜாதித்தனின் சேர நாட்டுத் தளபதி வெள்ளங்குமரன் ஒரு சிவன் கோயில் எடுத்தான். அந்தக் கல்வெட்டில் பராந்தகனின் 36-ஆம் ஆண்டு என்று இருக்கிறது. அதோடு விடவில்லை. கலியுகம் 4044 என்றும், கலி பிறந்து அன்றைக்கு 14,77,037-ஆவது நாள் என்றும் எழுதி வைத்திருக்கிறார்கள். அதை இன்றைய கணக்குக்கு மாற்றினால் 943 ஜனவரி 14 வருகிறது. தை மாதத்து நாள் ஒன்று!

பாருங்கள், சோழர்களுக்குத் தொடர்ந்து ஓடுகிற ஒரே ஆண்டுக்கணக்கு பழக்கத்தில் இல்லை. ராஜா ஏறினதும் ஒன்று. அடுத்த ராஜா வந்தால் மறுபடி ஒன்று. பட்டப்பெயரும் ராஜகேசரி, பரகேசரி என்று மாறி மாறித்தான் வரும். ராஜராஜனின் எட்டாவது ஆண்டையொட்டி அரசனின் செயல்களைப் புகழ்ந்து பாடும் மெய்க்கீர்த்தி எழுதுகிற வழக்கம் வரும் வரைக்கும், வெறும் 'ராஜகேசரியின் இரண்டாம் ஆண்டு' என்று ஒரு கல் கிடைத்தால் எந்த ராஜகேசரி என்று கண்டுபிடிப்பதற்குள் ஆய்வாளருக்குத் தலைமுடி நரைத்துவிடும். அப்படிப்பட்ட காலத்தில் ஒருவர் உட்கார்ந்து பதினான்கு லட்சத்துச் சொச்சம் நாளைக் கணக்கிட்டிருக்கிறார். கலியுகத்தின் முதல் நாளை யாரும் பார்த்து எழுதி வைக்கவில்லை. வானத்துக் கிரகங்களின் ஓட்டத்தைப் பின்னோக்கிக் கணித்து, கி.மு. 3102 என்று கணிதர்கள் நிறுத்திய நாள் அது. அதுவும் படைத்த காலம்தான். அந்தப் படைத்த காலத்தின் ஒரு நாளில், உண்மையான ஒரு கோயிலை, உண்மையான ஒரு தளபதி கட்டி நிறுத்தினான். ஆறு ஆண்டு கழித்து 949-இல் தக்கோலத்தில் யானை மேலிருந்தபடியே ராஜாதித்தன் இறந்தான்.

அந்த மரணத்தைச் சொல்கிற கல் கர்நாடகத்தில், மாண்டியா மாவட்டத்து ஆதகூரில் கிடைத்தது. அது ஒரு நாய்க்கு எடுத்த நடுகல். காளி என்று பெயர். காட்டுப்பன்றியோடு மோதி, அதைக் கொன்று தானும் செத்த வேட்டைநாய். அதன் எசமானன் மணலேரன், ராஜாதித்தனைக் கொன்ற கங்க அரசன் பூதுகனிடம் சேவகம் செய்தவன். நாய்க்குக் கல் நட்டபோது போர்க்கதையையும் சேர்த்துப் பொறித்தார்கள். அந்தக் கல்லைப் பற்றி முதலில் படித்தபோது, அந்த நாயின் மேல் அவ்வளவு பிரியம் வைத்த மனிதனை நினைத்து எனக்குக் கண் கலங்கியது. அடுத்த நிமிஷமே வேறொன்று தோன்றியது. காளியின் பெயர் ஆயிரம் வருஷம் தாண்டி வந்துவிட்டது. கிட்டத்தட்ட 16 கிலோமீட்டர் கரைக்கு மண் சுமந்தவர்களில் ஒருத்தர் பெயரும் வரவில்லை.

கல்கி நந்தினியைப் படைத்தார். மண்வெட்டிக்காரனைப் படைக்க யாரும் வரவில்லை. எனக்கு வேண்டிய கற்பனை அதுதான். ஏரிக்கரையில் நின்றால் நான் குதிரையைத் தேடுவதில்லை இப்போது. மண் எங்கேயிருந்து வந்திருக்கும் என்று பார்க்கிறேன். ஏரிக்குள்ளேயே தோண்டி, கூடையில் தலைச்சுமையாக ஏற்றி, கிழக்கே கொட்டிக் கொட்டி மிதித்து இறுக்கியிருக்க வேண்டும். தரை மேற்கேயிருந்து கிழக்கே சரிகிறது என்பதால் பலமான கரை கிழக்குப் பக்கம். வயலும் கிழக்கேதான். கூடை தூக்கிய பெண்கள் எத்தனை பேர்? மதகுக்குக் கல் எந்த மலையிலிருந்து வண்டியேறி வந்தது? சுற்று வட்டாரத்தில் மலையே கிடையாதே. இரவு இவர்கள் எங்கே படுத்தார்கள், ஏரிக்குள் போன பழைய ஊர்கள் எவை? இதில் ஒவ்வொன்றுக்கும் ஒரு அத்தியாயம் எழுதலாம்.

ஏரியை வெட்டுவதோடு வேலை முடிந்துவிடாது என்று அந்தக் காலத்து ஆட்களுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. இதே பராந்தகன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டுகள், 919-லும் 921-லும் பொறித்தவை, குடவோலை முறையை விவரிக்கின்றன. நாம் தேர்தல் தேர்தல் என்று அதைக் கொண்டாடுகிறோம். அதில் ஏரி வாரியம் என்று தனியாக ஒரு குழு இருந்ததைச் சொல்ல மறந்துவிடுகிறோம். பல ஊர்களில் ஏரிப்பட்டி என்று நிலமே ஒதுக்கி, அதன் விளைச்சலில் ஆண்டுதோறும் ஏரியைப் பராமரித்தார்கள். வண்டல் படிந்துகொண்டே இருக்கும், அள்ளிக்கொண்டே இருக்க வேண்டும். அள்ளுகிற வண்டல் கரைக்கும் வயலுக்கும் போகும். வீராணத்துக்கும் இன்றைக்கு அதுதான் வியாதி. எங்கள் பக்கத்து விவசாயி யாரைக் கேட்டாலும் இரண்டாவது வாக்கியம் "தூர் வாரணும்" என்பதாகத்தான் இருக்கும். முழு மட்டம் 47.50 அடி, முழுக் கொள்ளளவு 1,465 மில்லியன் கன அடி என்று பலகையில் எழுதி வைத்தாலும், அடியில் சேறு எவ்வளவு இடத்தைப் பிடித்திருக்கிறது என்பது மண்வெட்டி வைத்தால்தான் தெரியும்.

கல்கி தன் ஏரிக்கு எழுபத்து நான்கு மதகு சொல்கிறார். இன்று அத்தனை இல்லை. தண்ணீர் வரும் வழியும் மாறிவிட்டது. 1836-இல் ஆர்தர் காட்டன் காலத்தில் கட்டிய கீழணை கொள்ளிடத்தை மறிக்கிறது, அங்கேயிருந்து வடவாறு வழியாக ஏரிக்குத் தண்ணீர் வருகிறது. 1934-இல் மேட்டூர் வந்த பிறகு ஆடிப்பெருக்கு என்பது மதகு திறக்கும் தேதியைப் பொறுத்ததாகிவிட்டது. வந்தியத்தேவன் பார்த்த ஆடிப்பெருக்கு மேற்கு மலையில் பெய்த மழை நேராக வந்து கதவைத் தட்டியது. நாங்கள் பார்க்கும் ஆடிப்பெருக்கு வேறொரு இடத்தில் ஒருவர் கையெழுத்துப் போட்ட பிறகு வருவது. ஆனாலும் பெண்கள் வந்துவிடுவார்கள். காதோலை கருகமணி, மஞ்சள் கயிறு, சித்திரான்னம். தண்ணீர் கரை தொடாத வருஷத்தில் குழாயடியில் படையல் வைத்ததை நானே பார்த்திருக்கிறேன். அம்மா அப்போது சொன்னது நினைவிருக்கிறது: "தண்ணி வராட்டியும் ஆடி வந்துடுச்சில்ல."

எங்கள் வீட்டில் யாரும் கி.பி. சொல்லி எதையும் நினைவு வைத்ததில்லை. அத்தைக்குக் கல்யாணம் ஆனது ஏரி வறண்ட வருஷம். சின்ன மாமா வெளிநாடு போனது வெள்ளியங்கால் ஓடை உடைப்பெடுத்த வருஷம். நான் பிறந்தது வெள்ளாற்றில் தண்ணீர் பாலத்தைத் தொட்டு ஓடின வருஷம். பராந்தகனின் முப்பத்தாறாம் ஆண்டு என்பதைப் போலத்தான் இதுவும். ராஜாவுக்குப் பதிலாக ஏரியை வைத்து எண்ணுகிறோம். ஏதோ ஒரு வருஷத்து வறட்சியைப் பற்றிப் பேச்சு வந்தால் எங்கள் அம்மா கையில் விரலை மடக்கி, அத்தை கல்யாணத்துக்கு முந்தியா பிந்தியா என்று கேட்பார். பதில் கிடைத்ததும் மீதி எல்லாம் தானாக வரிசையில் வந்து நின்றுவிடும்.

அந்த மீன்காரப் பெரியவரிடம் மறுநாளும் போனேன். உடையார்குடியில் எடுத்த படம் ஒன்று என் செல்போனில் இருந்தது. "இதுதான்யா அந்தக் கல். ரவிதாசன் பேர் இங்க இருக்கு" என்று பெரிதாக்கிக் காட்டினேன். கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு போனை வாங்கினார். கண்ணுக்கு அருகில் வைத்து, தள்ளி வைத்து, வெயிலுக்குத் திருப்பிப் பார்த்தார்.

"நெசமாவே இருந்தவனா அவன்?"

"இருந்தவன்தான். நம்ம பக்கம் நிலம் வச்சிருந்திருக்கான். அந்த நெலத்த வாங்குனவரு கோயில்ல தண்ணி வைக்க எழுதி வச்சிட்டாரு."

கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "கொலகாரன் நெலத்துல தண்ணிப்பந்தலா?" என்றார். தன் அப்பாவுக்கு இது தெரியாமல் போய்விட்டதே என்பதுபோல ஏரியைப் பார்த்தார். நான் படத்தை அவர் பேரனின் போனுக்கு அனுப்பி வைத்தேன். அடுத்த முறை வரும்போது பெரியவரையும் உடையார்குடிக்குக் கூட்டிக்கொண்டு போவதாகப் பேச்சு. லால்பேட்டை வழியாகப் போகிற பஸ் எத்தனை மணிக்கு என்று அவரே விசாரித்து வைக்கிறேன் என்றார்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது அம்மா போன் செய்தார். வடவாற்றில் தண்ணீர் விட்டிருக்கிறார்களாம். ஏரி நாற்பத்து நாலரை.